‘ஒன் வீக்’ படத்துக்கு நேரடியாகக் கீபோர்டு வாசிக்கிறேன்: ரயில் வரும் இடத்தில் என்ன செய்வது?

கறுப்புக்கட்டை கேட்டது:

எல்லாருக்கும் வணக்கம். அடுத்த மாதம் ஒரு சின்னத் திரையிடல். அமெரிக்க ஊமைப்பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டனின் ‘ஒன் வீக்’ ஓடும்போது திரைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து நான் கீபோர்டு வாசிக்க வேண்டும். மெல்லிசைக் குழுவில் வாசித்துப் பழகிய கை என்னுடையது. பாடகர் எங்கே மூச்சு விடுவார், எங்கே இழுப்பார் என்பதெல்லாம் அத்துப்படி. படத்துக்கு வாசிப்பது இதுதான் முதல்முறை.

பார்க்காதவர்களுக்காகக் கதை: 1920-ல் வந்த இரண்டு ரீல் ஊமைப்படம். கல்யாணமான கையோடு ஒரு ஜோடிக்கு வீடு பரிசாகக் கிடைக்கிறது, ஆனால் பெட்டியில் அடைத்த பாகங்களாக. எண் வரிசைப்படி பூட்டினால் வீடு எழும்ப வேண்டும். அந்தப் பெண்ணைக் கட்டிக்கொள்ள ஆசைப்பட்டுத் தோற்ற ஒருவன் பெட்டிகளின் எண்களை மாற்றி எழுதிவிடுகிறான். வீடு கோணல்மாணலாக எழும்புகிறது, புயலில் சுற்றுகிறது. கடைசியில், மனையே தப்பு என்று தெரிந்து தண்டவாளத்துக்கு அந்தப் பக்கம் இழுத்துப் போகிறார்கள். வீடு தண்டவாளத்தின் நடுவில் சிக்கிக்கொள்கிறது. ரயில் வருகிறது.

சிக்கல் அங்கேதான். ரயில் தூரத்தில் தெரிந்ததும் வலது கையில் நடுக்கம் (சுரங்களை வேகமாக மாற்றி மாற்றித் தட்டுவது), இடது கையில் கீழ்க்கட்டைகள், வேகம் ஏறி ஏறி வருகிறது. முதல் ரயில் வீட்டைத் தொடாமல் போனதும் மேலிருந்து கீழே சரிந்து வரும் ஒரு வரிசை வாசிக்கிறேன். இரண்டாவது ரயில் இடிக்கும்போது இரண்டு கையாலும் ஓங்கி ஒரு அடி. காதுக்குச் சரியாகத்தான் இருக்கிறது. ஆனால் வாசிப்பு இல்லாமல் பார்த்தபோது விழுந்து விழுந்து சிரித்த அதே நண்பர், வாசிப்போடு பார்த்தபோது ‘நல்லா இருக்கு’ என்று மட்டும் சொன்னார். சிரிக்கவில்லை.

இன்னும் இரண்டு கேள்விகள். ஒரு பிரதி 19 நிமிடம் ஓடுகிறது, இன்னொன்று கிட்டத்தட்ட 25 நிமிடம். எதை எடுப்பது? இந்தப் படத்துக்கென்று அப்போதே எழுதிய இசை ஏதாவது உண்டா?

---

பழையசுருள் எழுதியது:

பிரதி பற்றி மட்டும் சொல்கிறேன், இசை என் துறை இல்லை.

இரண்டின் நீளமும் வேறுபட முக்கியக் காரணம் ஓட்டும் வேகம். அப்போது கேமராவைக் கையால் சுற்றினார்கள். வினாடிக்கு 24 பிரேம் என்பது பேசும்படம் வந்த பிறகு ஒலிக்காக நிலைத்த கணக்கு. 35 மி.மீ. சுருளில் ஓர் அடிக்கு 16 பிரேம், ஆயிரம் அடி ரீலில் 16,000 பிரேம். அதை வினாடிக்கு 16 வீதம் ஓட்டினால் 16 நிமிடம் 40 வினாடி ஆகும். 24 வீதம் ஓட்டினால் 11 நிமிடம் சொச்சத்தில் முடிந்துவிடும். ஒரே சுருள்தான், ஓட்டுகிறவர் கையில் இவ்வளவு வித்தியாசம்.

நகைச்சுவைப் படக்காரர்கள் வேண்டுமென்றே கேமராவை மெதுவாகச் சுற்றுவதும் உண்டு, திரையில் ஆட்கள் விறுவிறுவென்று ஓடட்டும் என்று. அதனால் ‘இதுதான் சரியான வேகம்’ என்று ஒரே எண்ணைச் சொல்ல முடியாது. நான் பார்ப்பது தொடக்கத்தில் சர்ச் வாசலில் நிற்கும் கூட்டத்தை. அவர்கள் மனிதர்கள் மாதிரி அசைந்தால் அந்தப் பிரதியை எடுங்கள். வெடுக்வெடுக்கென்று பொம்மை மாதிரி திரும்பினால் வேண்டாம்.

எதை எடுத்தாலும் ஒத்திகைக்கும் மேடைக்கும் அதே கோப்புதான் என்று ஏற்பாட்டாளரிடம் உறுதி வாங்கிக்கொள்ளுங்கள். அது மாறினால் நீங்கள் பழகிய கணக்கு மொத்தமும் போச்சு.

---

இடதுகை எழுதியது:

கறுப்புக்கட்டை, நான் ஊமைப்படங்களுக்குப் பியானோ வாசிப்பவள். அதிகம் வாசித்தது கீட்டனின் குறும்படங்களுக்கு, அவற்றிலும் மனசுக்கு மிக நெருக்கமானது இது. அதனால் பதில் நீளும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் ரயில். அந்தக் காட்சியைக் கேமராவுக்காக மட்டும் ஒருமுறை பாருங்கள். அங்கே இரண்டு தண்டவாளங்கள் இருக்கின்றன. ஆனால் ரயில் நெருங்கும்போது அது எதில் வருகிறது என்று நமக்குப் பிடிபடாத இடத்தில் கீட்டன் கேமராவை வைத்திருக்கிறார். இருவரும் வீட்டைத் தள்ளிப் பார்க்கிறார்கள். நகரவில்லை. விலகி நின்று முகத்தைப் பொத்திக்கொள்கிறார்கள். ரயில் பக்கத்துத் தடத்தில் போய்விடுகிறது. ‘அப்பாடா’ என்று உடம்பு தளர்கிற அந்த நேரம் பார்த்து எதிர்த் திசையிலிருந்து இன்னொன்று வந்து வீட்டைத் துவம்சம் செய்துவிடுகிறது.

பிரேமின் ஓரத்துக்கு வெளியே என்ன வருகிறது என்று அந்த ஜோடிக்குத் தெரியாது, பார்ப்பவர்களுக்கும் தெரியாது. உங்கள் கைக்கு மட்டும் தெரிந்திருக்கிறது, அதை அது சொல்லிவிடுகிறது. அந்தச் சரியும் வரிசையைத்தான் முதலில் எடுக்க வேண்டும். ‘பார்த்தீர்களா, ஏமாந்தீர்களா, சிரியுங்கள்’ என்று அது அறிவிக்கிறது. ஒரு நகைச்சுவை முடிந்தது என்று அரங்கமும் அதைக் கேட்டு முடித்துக்கொள்கிறது. நிம்மதிப்பட அவர்களுக்கு நேரமே கிடைக்கவில்லை. நிம்மதி முழுசாக வந்தால்தான் இரண்டாவது ரயில் வேலை செய்யும்.

நான் வாசிப்பது இப்படி. படத்தின் ஆரம்பத்திலேயே இருவருக்கும் ஒரு மெட்டு கொடுத்துவிடுகிறேன். எட்டு தாளச் சுற்று, எளிமையானது, தானாக முணுமுணுக்கத் தோன்றுவது. பெட்டி வரும்போது அது வரும், வீடு கட்டும்போது வரும். முதல் ரயில் நெருங்கும்போது நடுக்கம் வாசிக்கலாம், தப்பில்லை. அது கடந்து போனதும் அந்த மெட்டை நிறைந்த மனதோடு, கேலி கலக்காமல், முதலிலிருந்து எடுங்கள். அவர்களுடைய வீடு தப்பிவிட்டது, நீங்களும் சந்தோஷப்படுகிறீர்கள். அப்படியே போகட்டும். இரண்டாவது ரயில் மோதும் பிரேமில் கையை எடுத்துவிடுங்கள். தாளச் சுற்றின் நடுவில், சுரம் பாதியில் நிற்க, பெடலையும் விட்டுவிட்டு. அடி வேண்டாம், ஒன்றுமே வேண்டாம்.

பிறகு இடிபாட்டின் மேல் கீட்டன் ‘விற்பனைக்கு’ என்ற பலகையை மாட்டுகிறாரே, பூட்டும் குறிப்புகளையும் சேர்த்து வைக்கிறாரே, அங்கே அந்த மெட்டை எங்கே அறுத்தீர்களோ அந்தச் சுரத்திலிருந்து தொடருங்கள். இருவரும் கைகோத்து நடந்து போகும்போது அது முடிந்திருக்கும்.

இதைச் செய்ய முகம் சிரிக்கக் கூடாது, அதாவது இசையின் முகம். கீட்டன் 1895-ல் பிறந்தவர். சிறுவயதிலேயே அப்பா அம்மாவோடு ‘த்ரீ கீட்டன்ஸ்’ என்ற பெயரில் வாட்வில் எனப்படும் பல்சுவை நிகழ்ச்சி மேடைகளில் ஏறியவர். அப்பா பையனைத் தூக்கி எறிவதுதான் அந்த நிகழ்ச்சியே. விழுந்தபின் தான் சிரித்தால் கூட்டம் குறைவாகச் சிரிக்கிறது, முகத்தை அப்படியே வைத்துக்கொண்டால் கூரை பிய்கிறது என்று அங்கேதான் கற்றுக்கொண்டார். கிளாரினெட்டின் கொக்கரிப்பு மாதிரியான குரலைக் கீபோர்டில் தேர்ந்தெடுக்காதீர்கள் என்று நான் கெஞ்சிக் கேட்பது இதனால்தான். பியானோ ஒலி மட்டும் போதும்.

படமே அப்படி நேர்மையான முகத்தோடுதான் எடுக்கப்பட்டிருக்கிறது. 1919-ல் போர்டு மோட்டார் நிறுவனம் ‘ஹோம் மேட்’ என்று ஒரு கல்விப்படம் எடுத்தது. பாகங்களாக வரும் வீட்டை எப்படி எழுப்புவது என்று காட்டும் படம். கல்யாணம், மாடல் டி கார், நாளுக்கு நாள் கிழியும் நாட்காட்டித் தாள் எல்லாம் அதிலிருந்துதான் கீட்டனுக்குக் கிடைத்தது. அமெரிக்காவில் அது நிஜ வியாபாரமாகவும் இருந்தது. சியர்ஸ் நிறுவனம் 1908-லிருந்தே தபால் விலைப்பட்டியலில் வீடு விற்றுக்கொண்டிருந்தது. ஆகவே ‘வீடு கட்டுவது எப்படி’ என்ற பாடப்படத்துக்கு வாசிப்பதாகவே நினைத்துக்கொள்ளுங்கள். உத்திரத்தின் தப்பான முனையில் உட்கார்ந்துகொண்டு அவர் ரம்பம் போடும்போது, அரங்கில் உள்ள ஒவ்வொருவருக்கும் முடிவு தெரியும். இசை மட்டும் வேலையில் மூழ்கியிருக்க வேண்டும். விழுந்த பிறகும் ஒரு தாளம் தள்ளித்தான் அதற்கு விஷயம் தெரிய வேண்டும்.

தாளம் என்றதும் எல்ஜின் லெஸ்லியைச் சொல்லாமல் இருக்க முடியாது. கீட்டனின் ஒளிப்பதிவாளர். கைப்பிடி சுற்றுவதில் அவருக்கு இருந்த லயத்தைப் பார்த்து ‘மனித மெட்ரோனோம்’ (மெட்ரோனோம் என்பது தாளம் பிசகாமல் தட்டும் கருவி) என்றே கீட்டன் சொல்வாராம். அடுத்த ஆண்டு வந்த ‘தி பிளேஹவுஸ்’ படத்தில் மேடையில் ஒரே நேரத்தில் ஒன்பது கீட்டன்கள் நிற்பார்கள். லென்ஸில் ஒரு பட்டையை மட்டும் திறந்து எடுத்து, சுருளைப் பின்னால் சுற்றி, அடுத்த பட்டையைத் திறந்து, மறுபடி அதே வேகத்தில் சுற்ற வேண்டும். கை ஒருமுறை பிசகினால் ஒன்பது பேரும் ஒன்பது வேகத்தில் ஆடுவார்கள். அந்த மனிதர் சுற்றிய படம் ‘ஒன் வீக்’. அதனால் ஷாட்டுக்குள்ளேயே லயம் இருக்கிறது, நீங்கள் தனியாகக் கொண்டுவந்து போட வேண்டியதில்லை. சுத்தியல் விழுவதையும் ஆட்கள் நடப்பதையும் பார்த்து முழங்காலில் தட்டிப் பாருங்கள், பிடிபடும்.

மற்ற இடங்களைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன்.

பியானோ வரும் காட்சி. ஜோ ராபர்ட்ஸ் என்ற மலை மாதிரி மனிதர் பியானோவைத் தோளில் அலட்சியமாகத் தூக்கிவந்து கீட்டனிடம் கொடுப்பார், கீட்டன் அதற்கு அடியில் போய்விடுவார். முழுப் படத்திலும் நான் ‘அடி’ வாசிக்கும் ஒரே இடம் இது. காரணம், படத்துக்குள்ளேயே பியானோ இருக்கிறது. கீழ்க்கட்டைகள் மேல் முழங்கையை வைத்துவிடுவேன், ஒரே ஒருமுறை.

குளியல் காட்சி. மனைவியாக நடித்த சிபில் சீலி தொட்டியில் இருக்கிறார், சோப்பு வெளியே விழுகிறது. எட்டி எடுக்கும் முன் நம்மைப் பார்க்கிறார். உடனே ஒரு கை வந்து லென்ஸை மூடுகிறது. அந்தக் கை மூடியிருக்கும் வரை நீங்களும் கட்டையிலிருந்து கையை எடுத்துவிடுங்கள். கை விலகியதும் ஒன்றும் நடக்காத மாதிரி தொடருங்கள். படக்குழுவில் ஒருவராக நீங்களும் மரியாதை காட்டியது போல் ஆகும். 1920-ல் கேமராவே கதைக்குள் வந்து ஒரு பெண்ணுக்கு மறைப்புக் கொடுக்கிறது. எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு அது ஆச்சரியம்தான்.

புயல். நாட்காட்டியில் வெள்ளிக்கிழமை 13, புதுவீட்டு விருந்து. அந்த வீட்டைச் சுழலும் மேடை ஒன்றின் மேல் கட்டி நிஜமாகவே சுற்றவிட்டார்கள். அதனால்தான் உள்ளே ஆட்கள் சுவரோடு போய் ஒட்டுவதும், வெளியே கீட்டன் ஓடும் வாசலைப் பார்த்துப் பாய்வதும் அவ்வளவு உடம்போடு தெரிகின்றன. விருந்து தொடங்கும்போதே ஒரு வால்ட்ஸ், அதாவது மூன்று எண்ணிக்கை நடன இசை, எடுத்துவிடுங்கள். வீடு சுற்ற ஆரம்பித்ததும் மெட்டை மாற்றாதீர்கள், வேகத்தை மட்டும் கூட்டுங்கள். கேமரா வெளியே வந்ததும் வலது கையை நிறுத்தி இடது கையின் மூன்று எண்ணிக்கை மட்டும் ஓடட்டும். உள்ளே போனதும் இரண்டு கையும்.

சிபில் சீலியைப் பற்றி ஒன்று. அக்காலச் சிரிப்புப் படங்களில் கதாநாயகிக்குப் பெரும்பாலும் அலறுவதும் காப்பாற்றப்படுவதும்தான் வேலை. இவர் அப்படி இல்லை. சமைக்கிறார், கூடமாட வேலை பார்க்கிறார், கடைசியில் வீட்டையே சேர்ந்து தள்ளுகிறார். அதனால் அந்த எட்டு தாளச் சுற்று மெட்டைக் கீட்டனின் மெட்டாக மட்டும் வைக்காதீர்கள். நான்கு கீட்டனுக்கு, நான்கு மனைவிக்கு. முதலாவதை நடுக்கட்டையிலும் அடுத்ததை ஒரு ஸ்தாயி மேலேயும் வாசிக்கிறேன் நான். ரயில் அறுக்கும்போது அது மனைவியின் பாதியில் இருந்தால் இன்னும் நன்றாக இருக்கும்.

எழுதி வைத்த இசை என்று நீங்கள் கேட்டதற்கு: அப்போது சின்ன அரங்குகளில் ஒரு பியானோக்காரர், பெரிய அரங்குகளில் ஆர்கனோ வாத்தியக் குழுவோ இருக்கும். இப்படிப்பட்ட குறும்படங்கள் முழுநீளப் படத்தோடு சேர்ந்து ஓடின, அவற்றுக்குக் கைக்கு வந்ததை அந்தந்த இடத்தில் வாசித்தார்கள். இப்போது வட்டுகளிலும் இணையத்திலும் கேட்பதெல்லாம் பிற்காலத்தில் அமைத்தவை. படத்துக்கு அமெரிக்காவில் பதிப்புரிமை முடிந்துவிட்டது, ஆனால் அந்த இசைகளுக்கு உரிமையாளர்கள் இருக்கிறார்கள். உங்கள் மெட்டை நீங்களே போடுங்கள்.

---

முன்வரிசை எழுதியது:

நான் வாசிப்பவன் இல்லை, பார்ப்பவன். இடதுகை சொன்ன எல்லாம் சரி, ரயில் மோதும் இடத்தில் மௌனம் என்பதை மட்டும் என்னால் ஏற்க முடியவில்லை.

டிரம்ஸோடு இந்தப் படத்தைப் பார்த்திருக்கிறேன். வீடு சிதறியபோது நெஞ்சில் அதிர்ந்தது. பின்வரிசைப் பிள்ளைகள் எல்லாம் எழுந்து நின்றுவிட்டார்கள். அதில் பாதி அந்த ஓசையால்தான். கீட்டன் நிஜ ரயிலை வைத்து நிஜ வீட்டை உடைத்திருக்கிறார், பொம்மை வீட்டை இல்லை. அந்த எடை நமக்கு ஏறுவது கண்ணால் மட்டும் நடக்காது. 1928-ல் ‘ஸ்டீம்போட் பில், ஜூனியர்’ படத்தில் ஒரு வீட்டின் முகப்புச் சுவர் அப்படியே அவர் மேல் சாயும், ஜன்னல் இடைவெளி இருக்கும் இடத்தில் அவர் நின்றிருப்பதால் தப்புவார். அங்கே சத்தம் இல்லாமல் போனால் எனக்குப் பாதி பயம் போய்விடும். இங்கேயும் அப்படித்தான்.

---

இடதுகை எழுதியது:

முன்வரிசை, டிரம்ஸ் இருந்தால் நானும் உங்கள் கட்சி. தோலில் விழும் அடிக்கு எடை உண்டு. சின்ன அரங்கில் ஒரு கீபோர்டின் ஸ்பீக்கருக்கு ரயில் எடை வராது. திரையில் ஒரு வீடு போகிறது, காதில் ஒரு ‘டொம்’. கண் பார்த்ததை அது சின்னதாக்கிவிடும்.

இன்னொன்றும் இருக்கிறது. அந்த நொடியில் அரங்கமே சத்தம் போடும். ‘ஐயோ’ என்று ஒரு குரல், பிறகு சிரிப்பு. ஒருவர் சிரிப்பது அடுத்தவருக்குக் கேட்டால்தான் அது வரிசை வரிசையாகப் பரவும். வாத்தியம் அதன் மேல் உட்கார்ந்துவிட்டால் ஒவ்வொருவரும் தனித்தனியாகத்தான் சிரிப்பார்கள். கறுப்புக்கட்டையின் நண்பர் தனியாக உட்கார்ந்து பார்த்தவர் என்பதால் அவர் சிரிக்காததை வைத்து மட்டும் முடிவு செய்ய வேண்டாம். நாலு பேரைச் சேர்த்து உட்காரவைத்து ஒருமுறை வாசித்துப் பாருங்கள்.

---

கறுப்புக்கட்டை எழுதியது:

எல்லாருக்கும் மனமார்ந்த நன்றி. பழையசுருள் சொன்னபடி சர்ச் வாசல் கூட்டத்தைப் பார்த்தேன், நீளமான பிரதிதான் இயல்பாக இருக்கிறது. அதையே எடுத்துக்கொள்கிறேன், ஏற்பாட்டாளருக்கும் அதைத்தான் அனுப்பியிருக்கிறேன். மெட்டு ஒன்று போட்டுவிட்டேன், இரண்டாவது பாதி ஒரு ஸ்தாயி மேலே.

ஒரு சந்தேகம் மட்டும். மௌனத்தை எவ்வளவு நேரம் விடுவது? எண்ணி வைத்துக்கொள்ளவா? அப்புறம், சரியான பிரேமில் கையை எடுப்பது எப்படி? திரும்பத் திரும்பப் பழகும்போதும் கால் நொடி தாமதமாகிறது.

---

இடதுகை எழுதியது:

எண்ணாதீர்கள். மேடை நடிகர் சிரிப்பு அடங்கும்வரை காத்திருப்பார், படம் காத்திருக்காது. அதனால் உங்களுக்கு எல்லை படம்தான். பலகை கீட்டனின் கைக்கு வரும்வரை மௌனம். சிரிப்பு அதற்குள் அடங்காவிட்டால், மெட்டை மெல்லியதாக அதற்கு அடியில் தொடங்கிவிடுங்கள். கேட்கிறதா என்று கவலைப்பட வேண்டாம், அடங்கும்போது அது அங்கே இருக்கும்.

தாமதத்துக்குக் காரணம் கண் கட்டையில் இருப்பது. அந்த மெட்டைப் பார்க்காமல் வாசிக்கும் அளவுக்குப் பழகிவிடுங்கள், எளிமையாக இருக்கட்டும் என்று சொன்னது அதற்கும் சேர்த்துத்தான். மற்ற இடங்களுக்கு நாட்காட்டித் தாள்களை அடையாளமாக வைத்துக்கொள்ளுங்கள், ஒவ்வொரு நாள் மாறும்போதும் எங்கே இருக்கிறீர்கள் என்று தெரிந்துவிடும். ரயிலுக்கு முன் ஒரு அடையாளம் உண்டு: வீட்டைக் காரோடு சேர்த்து ஆணி அடித்து இழுக்கும்போது கார் இரண்டாகப் பிரிந்து, அடிப்பாகம் மட்டும் போய்விடும். அதைப் பார்த்ததும் கட்டையை மறந்துவிட்டுத் திரையைப் பாருங்கள்.

கீபோர்டைத் திரைக்கு நேர் கீழே வைத்தால் அண்ணாந்து பார்க்க வேண்டியிருக்கும், ஓரங்கள் தெரியாது. நாலைந்து அடி தள்ளி, சற்றுச் சாய்வாக, திரையின் இரண்டு ஓரமும் ஒரே பார்வையில் விழும்படி போடச் சொல்லுங்கள். விளக்கு வேண்டும் என்றால் கட்டை மேல் மட்டும் விழும் சின்ன விளக்காக இருக்கட்டும், திரையில் வெளிச்சம் படக் கூடாது. இதையெல்லாம் காட்சி நாளன்று கேட்டால் நடக்காது, இப்போதே ஏற்பாட்டாளரிடம் சொல்லி வைத்துவிடுங்கள்.